கெ யோ: காசு யாருடையது என்று கேட்டால் புரிகிற நடிகர்

1994 மே மாதம் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருதைக் கெ யோ வாங்கினார். அந்த விருது ஒரு சீன நடிகருக்குப் போனது அதுதான் முதல் முறை. படம் ஜாங் யீமோ இயக்கிய 'டு லிவ்'. ஆனால் சீனத் தியேட்டர் எதிலும் அந்தப் படம் வெளியாகவில்லை. அரசு அனுமதி தரவில்லை. சொந்த ஊர்க்காரர்கள் தியேட்டரில் பார்க்க முடியாத படத்துக்கு உலக விருது வாங்கிய அதே மனிதர், மூன்றரை வருடம் கழித்து, 1997 கடைசியில், பெய்ஜிங் மக்களைக் குடும்பம் குடும்பமாகத் தியேட்டருக்கு இழுத்த ஒரு காமெடிப் படத்தில் கதாநாயகன்.

சீன சினிமாவுக்குள் புதிதாக நுழைகிறவர்களுக்கு இது குழப்பமாகத்தான் இருக்கும். இவர் விருதுப் பட நடிகரா, ஜனரஞ்சக நடிகரா? ஒரு மூத்த சீன நடிகரின் படப் பட்டியலை வைத்துக்கொண்டு தலையும் புரியாமல் வாலும் புரியாமல் விழிக்கிறவர்களுக்கு நான் சொல்லும் வழி ஒன்றுதான். ஒவ்வொரு படத்தையும் எடுத்துக்கொண்டு, இதற்குக் காசு போட்டது யார் என்று கேளுங்கள். அரசா, தைவான் தயாரிப்பாளரா, விளம்பரக் கம்பெனியா, டிக்கெட் வாங்கும் ரசிகரா? பதில் மாறும்போதெல்லாம் நடிகரின் வேலையும் மாறியிருக்கும். கெ யோவின் நாற்பது வருடத் திரை வாழ்க்கையில் இந்த எல்லாப் பதிலும் வந்துவிடுகிறது. அதனால்தான் அவரை எடுத்துக்கொண்டேன். (சீனப் பெயர்களில் குடும்பப் பெயர் முன்னால் வரும். 'கெ' குடும்பப் பெயர், 'யோ' அவர் பெயர்.)

மாதச் சம்பள நடிகர்கள்

1949-இல் கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வந்த பிறகு சீனாவில் சினிமா படிப்படியாக முழுக்க அரசுத் தொழிலானது. பெய்ஜிங், ஷாங்காய், சாங்சுன் நகரங்களில் அரசு ஸ்டூடியோக்கள் இருந்தன. ராணுவத்துக்கென்று 'ஆகஸ்ட் முதல் தேதி' ஸ்டூடியோ தனியாக இருந்தது. நடிகர் என்பவர் ஸ்டூடியோ ஊழியர். மாதச் சம்பளம், பதவித் தரம், ஸ்டூடியோ குடியிருப்பில் வீடு, எல்லாம் உண்டு. எடுத்து முடித்த படத்தை அரசின் மைய விநியோக நிறுவனம் வாங்கிக்கொள்ளும். கூட்டம் அலைமோதினாலும் சரி, ஈ ஓட்டினாலும் சரி, நடிகரின் சம்பளக் கவர் அதேதான். 'மார்க்கெட் உள்ள நடிகர்' என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை.

கெ யோவின் அப்பா கெ சுன்ஜுவாங் அப்படிப்பட்ட ஒரு ஊழியர். 1929-இல் பிறந்தவர், பெய்ஜிங் ஸ்டூடியோ நடிகர். வில்லன் வேடம் என்றால் அவரைத்தான் கூப்பிடுவார்கள். 1963-இல் வந்த, ஜப்பானிய ஆக்கிரமிப்புக் காலத்துச் சிறுவன் ஒருவனின் கதையைச் சொன்ன படத்தில் ஜப்பானிய அதிகாரியாக வந்து ஒரு தலைமுறைக் குழந்தைகளின் வெறுப்பைச் சம்பாதித்துக்கொண்டார். அம்மா அதே ஸ்டூடியோவில் கதை இலாகா ஆசிரியர். 1957-இல் பிறந்த கெ யோ, ஆக, சினிமாக்காரர்கள் வீட்டுப் பிள்ளை.

வாரிசு நடிகர் என்று உடனே முடிவு கட்டிவிட வேண்டாம். மாவோவின் கலாசாரப் புரட்சிக் காலத்தில் (1966–76) நகரத்து இளைஞர்களைக் கிராமங்களுக்கு அனுப்பினார்கள் அல்லவா, இவரும் போனார். பெய்ஜிங்குக்கு வடக்கே சாங்பிங் பகுதியில் பன்றி வளர்க்கும் வேலை. திரும்பி வந்து நடிப்புப் பள்ளிகளுக்குத் தேர்வு எழுதினார். பெய்ஜிங் திரைப்படக் கல்லூரியிலும் இடம் கிடைக்கவில்லை, மத்திய நாடகக் கல்லூரியிலும் கிடைக்கவில்லை. முகம் ஒரு காரணமாக இருந்திருக்கலாம். அன்றைய சீனப் படங்களின் நாயகர்கள் அடர்ந்த புருவமும் பெரிய கண்ணும் நிமிர்ந்த நெஞ்சுமாக இருப்பார்கள், சுவரொட்டியில் வரும் தொழிலாளி மாதிரி. இவரோ ஒல்லி, தொய்ந்த கண்கள், போதாக்குறைக்குச் சின்ன வயதிலேயே முடியும் கொட்டத் தொடங்கிவிட்டது.

கடைசியில் 1979-இல் கதவு திறந்தது அனைத்துச் சீனத் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் கலைக்குழுவில். தேர்வில் அவர் நடித்துக் காட்டியது பன்றிக்குத் தீனி வைக்கும் காட்சி! இவ்வளவு நாள் செய்த வேலையையே மேடையில் செய்துகாட்டிச் சேர்ந்துவிட்டார்.

இந்தக் கலைக்குழு என்ற அமைப்பைக் கொஞ்சம் புரிந்துகொள்ள வேண்டும். சீனாவில் ராணுவம், ரயில்வே, சுரங்கத் துறை என்று பெரிய அமைப்புகள் பலவும் சொந்தமாக நாடகம், பாட்டு, நடனக் குழு வைத்திருந்தன. அதில் சேர்ந்தால் அரசு வேலை. ஸ்டூடியோவுக்கு ஒரு நடிகர் தேவைப்பட்டால் அவருடைய குழுவிடம் கேட்டு இரவல் வாங்க வேண்டும். படம் முடிந்ததும் நடிகர் குழுவுக்குத் திரும்பிவிடுவார். கெ யோவின் முதல் படம் 1985-இல்தான் வந்தது, சின்ன வேடம். இருபத்தெட்டு வயதுவரை அவரை யாருக்கும் தெரியாது. சம்பளம் மட்டும் மாதாமாதம் வந்தது.

சும்மா இருக்கிறவனும் நாயகன் ஆகலாம்

1988 சீன சினிமாவில் வாங் ஷுவோ என்ற எழுத்தாளரின் ஆண்டு. பெய்ஜிங் தெருப்பேச்சில், பெரிய லட்சியங்களை நக்கலடித்துக்கொண்டு திரியும் இளைஞர்களை எழுதியவர். அந்த ஒரே ஆண்டில் அவருடைய நான்கு கதைகள் படமாயின. அதில் ஒன்று மி ஜியாஷான் இயக்கிய 'த டிரபிள்ஷூட்டர்ஸ்'. மூன்று நண்பர்கள் சேர்ந்து ஒரு கம்பெனி தொடங்குகிறார்கள். என்ன கம்பெனி? உங்களுக்குப் பதிலாகக் காதலியைச் சந்திக்கப் போவார்கள், உங்களுக்கு விழ வேண்டிய திட்டை அவர்கள் வாங்கிக்கொள்வார்கள். மூவரில் ஒருவர் கெ யோ.

கல்லூரி வேண்டாம் என்று ஒதுக்கிய முகம் இங்கே கச்சிதமாகப் பொருந்தியது. கூட்டத்தில் பக்கத்தில் நிற்கிற ஆள் மாதிரி ஒரு நாயகன். அபத்தமான வசனத்தை முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல், ஏதோ அலுவலகச் சுற்றறிக்கை வாசிப்பதுபோலச் சொல்வார். இன்றுவரை அவருடைய காமெடியின் அடிப்படை இதுதான். தான் சிரிப்பு மூட்டுவது தனக்கே தெரியாததுபோல நிற்பது.

அப்புறம் டிவி வந்தது. 1990-களின் தொடக்கத்தில் வந்த 'ஸ்டோரீஸ் ஃப்ரம் த எடிட்டோரியல் ஆஃபீஸ்', 25 பகுதிகள் கொண்ட தொடர். ஒரு பத்திரிகை அலுவலகத்தின் அன்றாடக் கூத்துகள். எழுதியவர்களில் வாங் ஷுவோவும், பின்னால் இயக்குநராகி கெ யோவின் வாழ்க்கையையே திருப்பிப்போடப்போகும் ஃபெங் சியாவ்காங்கும் உண்டு. இந்தத் தொடரை இன்னொரு காரணத்துக்காகவும் கவனிக்க வேண்டும். இதற்கு விளம்பரதாரராக வந்தது ஒரு குடிநீர் சுத்திகரிப்புச் சாதனக் கம்பெனி. கெ யோவும் அதில் உடன் நடித்த லூ லிபிங்கும் அந்தச் சாதனத்துக்கான விளம்பரத்தில் தோன்றினார்கள். அரசுச் சம்பள நடிகர் ஒருவர் தனியார் பொருளை விற்கிறார் என்பது அன்றைய சீனாவில் புதுச் சங்கதி. காசு வரும் திசை மாறத் தொடங்கிவிட்டது.

1992-இல் 'ஆஃப்டர் செபரேஷன்'. பொண்டாட்டி வெளிநாடு போய்விட, ஊரில் தனியாக மாட்டிக்கொண்ட கணவனின் கதை. பாதி பெய்ஜிங் விசாவுக்கு அலைந்துகொண்டிருந்த காலம் அது. இதற்காக அடுத்த ஆண்டு தங்கச் சேவல் விருது கிடைத்தது. சீனாவில் சினிமாவுக்கு இரண்டு பெரிய விருதுகள் பழக்கத்தில் உள்ளன. தங்கச் சேவல் 1981-இல் தொடங்கியது, திரைத்துறை நிபுணர்கள் கொடுப்பது. நூறு பூக்கள் 1962-இல் தொடங்கியது, ரசிகர்கள் ஓட்டுப்போட்டுக் கொடுப்பது. கெ யோ இரண்டையும் வாங்கியிருக்கிறார், இரண்டாவதைப் பலமுறை.

வெளியிலிருந்து வந்த பணம்

இதே காலத்தில் இன்னொரு பக்கம் ஜாங் யீமோ, சென் கைகெ போன்றவர்கள் பெரிய படங்கள் எடுத்துக்கொண்டிருந்தார்கள். அவற்றின் முதலீடு பெரும்பாலும் ஹாங்காங்கிலிருந்தும் தைவானிலிருந்தும் வந்தது. படப்பிடிப்பு சீனாவில், காசு வெளியே, முதல் காட்சி ஐரோப்பிய விழாவில். இப்படிப்பட்ட படத்தில் நடிகருக்கு உலகப் புகழ் கிடைக்கலாம், உள்ளூரில் படமே வராமலும் போகலாம்.

1993-இல் சென் கைகெயின் 'ஃபேர்வெல் மை கான்குபைன்' கானில் தங்கப் பனை விருதைப் பகிர்ந்துகொண்டது. அதில் கெ யோ யுவான் என்ற பணக்காரர், பெய்ஜிங் ஆப்பெராவின் பரம ரசிகர். சிறிய வேடம்தான். ஆனால் ஒரு காட்சி சொல்கிறேன். அரசன் வேடம் கட்டும் நடிகனிடம், இந்த இடத்தில் அரசன் ஏழு அடி வைக்க வேண்டும், நீ ஐந்துதான் வைத்தாய் என்று திருத்துகிறார். குரல் உயரவே இல்லை. எதிரே இருப்பவன் சுருங்கிப்போகிறான். புரட்சிக்குப் பிறகு மக்கள் கூட்டத்தின் முன் அவருக்கு மரண தண்டனை விதிக்கிறார்கள். இழுத்துப்போகும்போதும் மேடைநடையில் நடந்துபோகிறார். அவருடைய ரசனையும் திமிரும் சேர்ந்து அந்த நடையில் இருக்கின்றன. எத்தனை நிமிடம் திரையில் வந்தார் என்பது அதற்குப் பிறகு பொருட்டில்லை.

மறு ஆண்டு 'டு லிவ்'. யூ ஹுவாவின் நாவலிலிருந்து எடுத்தது. கெ யோ ஃபுகுய், அவர் மனைவியாகக் கோங் லி. பகடையாட்டத்தில் குடும்ப வீட்டையே தோற்கிற பண்ணையார் வீட்டுப் பிள்ளை, பிழைப்புக்குத் தோல்பாவைக் கூத்து நடத்துகிறார். பிறகு உள்நாட்டுப் போர், மாவோ காலப் பெரும் பாய்ச்சல், கலாசாரப் புரட்சி என்று ஒவ்வொரு அலையும் குடும்பத்தில் ஒரு பிடி மண்ணை அள்ளிக்கொண்டு போகிறது.

ஆட்சி மாறியதும், வீட்டைச் சூதில் ஜெயித்தவனைப் பண்ணையார் என்றும் எதிர்ப்புரட்சிக்காரன் என்றும் சுட்டுக் கொல்கிறார்கள். ஃபுகுய் ஒரு சுவரோரம் ஒதுங்கி நிற்கிறார். குண்டுச் சத்தம் ஐந்து முறை. பேன்ட் நனைந்துவிடுகிறது. தோற்காமல் இருந்திருந்தால் அந்த ஐந்து குண்டும் தன் நெஞ்சில் என்பது அவருக்கு உறைக்கிறது. வேறு நடிகராக இருந்தால் இங்கே ஒரு கதறல் கேட்டிருக்கும். கெ யோ வீட்டுக்கு ஓடிவந்து, சந்தையில் கேள்விப்பட்ட செய்தியை மூச்சு வாங்கச் சொல்லும் ஆள் மாதிரி மனைவியிடம் சொல்கிறார். நமக்குச் சிரிப்பு வருகிறது, சிரித்த மறுநொடியே வயிற்றைப் பிசைகிறது.

இன்னொன்று. தூக்கம் கலையாத மகனை முதுகில் சுமந்துபோகும்போது ஃபுகுய் ஒரு கதை சொல்வார்: கோழிக்குஞ்சு வளர்ந்தால் வாத்தாகும், வாத்து வளர்ந்தால் ஆடாகும், ஆடு வளர்ந்தால் மாடாகும். மாட்டுக்கு அப்புறம் என்று பையன் கேட்க, மாட்டுக்கு அப்புறம் கம்யூனிசம் என்பார். படத்தின் முடிவில் பேரன் அதே கேள்வியைக் கேட்கிறான். இம்முறை பதில் வரவில்லை, தடுமாறுகிறார். மாட்டுக்கு அப்புறம் நீ பெரியவனாகிவிடுவாய் என்று பாட்டி எடுத்துக்கொடுக்கிறாள். அந்தத் தடுமாற்றத்தில் கெ யோ முகத்தில் பெரிதாக எதையும் காட்டுவதில்லை. கண்ணை மட்டும் கொஞ்சம் தாழ்த்துகிறார். விருது இதற்குத்தான் என்று நான் நினைத்துக்கொள்வேன்.

காசு தைவான் தயாரிப்பாளருடையது என்பதால் படம் கானுக்குப் போக முடிந்தது. அரசு அனுமதியில்லாமல் போனதால் ஜாங் யீமோ வெளிநாட்டு முதலீட்டில் படம் எடுக்க இரண்டு ஆண்டுத் தடை வந்தது. கெ யோ? ஊருக்குத் திரும்பி, ஊர்க்காரர்களுக்கான படங்களில் நடிக்கப் போனார்.

புத்தாண்டுப் படம்

இங்கே சீனச் சந்தையில் நடந்ததைச் சொல்லியாக வேண்டும். 1990-களின் தொடக்கத்தில் தியேட்டர்கள் காலியாகிக்கொண்டிருந்தன. டிவியும் திருட்டு வீடியோவும் ஆளைப் பிடித்துக்கொண்டன. 1993-இல் அரசு மைய விநியோக முறையைத் தளர்த்தியது. இனி ஸ்டூடியோக்கள் தங்கள் படத்தைத் தாங்களே விற்றுப் பிழைத்துக்கொள்ள வேண்டும். 1994 நவம்பரில் வசூல் பங்கீட்டு அடிப்படையில் முதல் ஹாலிவுட் படம் உள்ளே வந்தது. ஆண்டுக்குப் பத்துப் படம் என்று கணக்கு. உள்ளூர்ப் படங்கள் திக்குமுக்காடின.

அப்போது ஹாங்காங்கில் ஒரு பழக்கம் இருந்தது. புத்தாண்டு விடுமுறைக்கென்றே அளவெடுத்துத் தைத்த, எல்லா வயதினரும் சிரித்துவிட்டுப் போகும் காமெடிப் படம். ஃபெங் சியாவ்காங் அதைச் சீனாவுக்குக் கொண்டுவந்தார். 1997 டிசம்பரில் 'த ட்ரீம் ஃபாக்டரி'. கதை மறுபடியும் வாங் ஷுவோவுடையது, நாயகன் மறுபடியும் கெ யோ. நான்கு பேர் சேர்ந்து ஒரு கம்பெனி நடத்துகிறார்கள், ஒருநாள் உங்கள் கனவை நிஜமாக்கித் தருவார்கள். புத்தகக் கடைக்காரருக்கு இரண்டாம் உலகப் போரின் அமெரிக்கத் தளபதி ஜெனரல் பேட்டன் ஆக வேண்டும். சமையல்காரருக்குச் சித்திரவதையிலும் வாயைத் திறக்காத வீரனாக வேண்டும். பணக்காரர் ஒருவருக்கு வறுமையை ருசிபார்க்க ஆசை. அவரைப் பட்டிக்காட்டில் கொண்டுபோய் விடுகிறார்கள். திரும்ப அழைத்துவரப் போகும்போது ஊர்க் கோழி ஒன்றுகூட மிச்சமில்லை, அத்தனையையும் அவர் தின்று தீர்த்திருக்கிறார்.

பத்து வருடத்துக்கு முந்தைய நக்கல் கம்பெனிக் கதைதான் இது என்று கவனித்திருப்பீர்கள். ஆனால் பல் பிடுங்கப்பட்டிருக்கிறது. 1988-இல் அந்தக் கிண்டலுக்குள் ஒரு வெறுமை தெரியும். 1997-இல் கிண்டலுக்குப் பின்னால் அன்பு வைத்துவிட்டார்கள். குடும்பத்தோடு வருகிறவர் டிக்கெட் காசு கொடுக்கிறார் என்றால் அப்படித்தான் ஆகும். படம் மூன்று கோடி யுவானுக்கு (சீன நாணயம்) மேல் வசூலித்தது. அன்றைக்கு அது பெரிய தொகை.

அதன்பிறகு டிசம்பர் வந்தால் ஃபெங், கெ யோ கூட்டணிப் படம் என்பது வழக்கமாகிவிட்டது. 1998-இல் லாஸ் ஏஞ்சலஸில் எடுத்த 'பி தேர் ஆர் பி ஸ்கொயர்', 1999-இல் 'சாரி பேபி'. 2001-இல் 'பிக் ஷாட்ஸ் ஃபியூனரல்', இதில் கூட நடித்தவர் ஹாலிவுட்டின் டொனால்ட் சதர்லேண்ட், காசு போட்டவர்களில் ஹாலிவுட்டின் கொலம்பியா நிறுவனத்தின் ஆசியப் பிரிவும் உண்டு. கதை என்ன தெரியுமா? பெய்ஜிங்கில் படமெடுக்க வந்த பிரபல இயக்குநர் மயங்கிச் சாகக் கிடக்கிறார். அவருடைய இறுதிச் சடங்கைப் பெரிய நிகழ்ச்சியாக நடத்தும் பொறுப்பு கெ யோவிடம் வருகிறது. செலவுக்குக் காசு இல்லை. சடங்கில் எங்கெல்லாம் இடம் கிடைக்குமோ அங்கெல்லாம் விளம்பரம் விற்கிறார்! விளம்பரதாரர் பணத்தில் வளர்ந்த சினிமா தன்னையே கேலி செய்துகொண்ட படம். என்னைக் கேட்டால் இந்தக் கூட்டணியின் ஆகச் சிறந்த யோசனை இதுதான், கடைசி அரைமணி நேரம் கொஞ்சம் சொதப்பினாலும்.

2004-இல் 'எ வேர்ல்ட் விதவுட் தீவ்ஸ்' படத்தில் ரயில் திருடர் கூட்டத்தின் தலைவர். இருபத்தொன்றாம் நூற்றாண்டில் விலை உயர்ந்தது எது, திறமைசாலிகள்தான் என்று அவர் சொல்லும் வசனத்தைச் சீன ஆபீஸ்களில் இன்றும் மேற்கோள் காட்டுவார்கள். சொல்கிறவர் பிக்பாக்கெட் தலைவர் என்பதுதான் வேடிக்கை. 2008-இல் நடிகை ஷு சியுடன் 'இஃப் யூ ஆர் த ஒன்', முப்பது கோடி யுவானுக்கு மேல். இதைப் பார்த்துவிட்டுச் சீனர்கள் ஜப்பானின் ஹொக்கைடோவுக்குக் கூட்டமாகச் சுற்றுலா போனார்கள்.

2010 டிசம்பரில் ஒரே மாதத்தில் மூன்று பெரிய படங்கள், மூன்றிலும் கெ யோ. சென் கைகெயின் 'சாக்ரிஃபைஸ்', ஃபெங்கின் 'இஃப் யூ ஆர் த ஒன் 2', ஜியாங் வென்னின் 'லெட் த புல்லட்ஸ் ஃப்ளை'. கடைசியாகச் சொன்னது மட்டும் அறுபது கோடி யுவானைத் தாண்டியது. லஞ்சம் கொடுத்து ஆளுநர் பதவி வாங்கிய ஏமாற்றுக்காரர் அவர். குதிரைகள் இழுக்கும் ரயில் பெட்டியில் ஹாட்பாட் (கொதிக்கும் சூப்பில் வேகவைத்துச் சாப்பிடும் உணவு) சாப்பிட்டுக்கொண்டே பாடிக்கொண்டு வருகிறார், கொள்ளைக்காரன் வழிமறிக்கிறான். உயிர் பிழைக்க, நான் ஆளுநரின் ஆலோசகன்தான் என்று பொய் சொல்லி, கடைசிவரை அந்தப் பொய்க்குள்ளேயே வாழ்கிறார். ஜியாங் வென், சோ யுன் ஃபட் இருவரும் வாள்வீசுவதுபோலப் பேசிக்கொள்ளும் விருந்துக் காட்சியில் நடுவில் உட்கார்ந்திருப்பவர் இவர். அந்த முகத்தை மட்டும் பார்த்துக்கொண்டு அந்தக் காட்சியை இன்னொரு தடவை ஓட்டிப் பாருங்கள்.

சோபாவில் சாய்ந்தவர்

2016-இல் ஒரு பழைய டிவிக் காட்சியின் படம் சீன இணையத்தில் தீயாய்ப் பரவியது. 1990-களின் 'ஐ லவ் மை ஃபேமிலி' என்ற சிட்காமில், அடுத்தவர் வீட்டில் ஒட்டிக்கொண்டு ஓசிச் சோறு சாப்பிடும் ஒரு ஊர்சுற்றியாகக் கெ யோ சில பகுதிகளில் வந்திருந்தார். சோபாவில் எலும்பில்லாதவர் மாதிரி வழிந்து கிடக்கும் காட்சி. வேலைப்பளுவில் நொந்திருந்த இளைஞர்கள் அதைத் தங்கள் கொடியாக எடுத்துக்கொண்டார்கள். 'கெ யோ சாய்வு' என்றே பெயர் வந்துவிட்டது.

விளையாட்டாகப் பகிர்ந்தவர்கள் ஒரு பக்கம், பொருள் விற்கப் பயன்படுத்திய கம்பெனிகள் ஒரு பக்கம். இரண்டாவது வகையினர்மேல் அவர் வழக்குப் போட்டார். ஒரு பயண இணையதளத்துக்கு எதிரான வழக்கில் 75,000 யுவான் இழப்பீடு தீர்ப்பானது, 2018-இல் மேல்முறையீட்டிலும் அது நின்றது. ஒரு நடிகரின் முகமும் தோரணையும் அவருடைய சொத்து என்று நீதிமன்றம் கணக்கிட்டுச் சொல்லிவிட்டது.

அதே 2016-இல் அப்பா கெ சுன்ஜுவாங் காலமானார். அந்த ஆண்டு டிசம்பரில் வந்த 'த வேஸ்டட் டைம்ஸ்' படத்தில் மகன் பழைய ஷாங்காய் நிழல் உலகத் தலைவராக நடித்தார். காமெடி துளிகூட இல்லாத, அடக்கிவாசித்த நடிப்பு. 2019-இல் மக்கள் சீனக் குடியரசின் எழுபதாம் ஆண்டுக்கு எடுத்த தொகுப்புப் படத்தில் பெய்ஜிங் டாக்சி ஓட்டுநர். அரசு விழாப் படம், ஆனால் இப்போது வசூலும் குவிக்க வேண்டிய படம். இரண்டு காசும் ஒரே பையில் விழுகிற காலம்.

எதிலிருந்து தொடங்கலாம் என்று கேட்பவர்களுக்கு: முதலில் 'லெட் த புல்லட்ஸ் ஃப்ளை'. வேகமான படம், முன்னறிவு எதுவும் வேண்டாம். பிடித்துவிட்டால் 'டு லிவ்', அதை ராத்திரியில் தனியாகப் பார்ப்பது நல்லது. அப்புறம் 'த ட்ரீம் ஃபாக்டரி'. பெய்ஜிங் பேச்சு நகைச்சுவையில் பாதி சப்டைட்டிலில் உதிர்ந்துவிடும், ஆனாலும் அந்தக் கோழிக்காரர் எந்த மொழியிலும் சிரிக்க வைப்பார். 2023 டிசம்பரில் வந்த 'இஃப் யூ ஆர் த ஒன் 3' படத்தில் ஷு சியின் சாயலில் ஒரு ரோபோவோடு குடித்தனம் நடத்துகிறார். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள், பார்க்காமல் விட்டாலும் பெரிய நஷ்டமில்லை.